பழைய ஃபுட்டேஜை ஆவணப்படத்தில் பயன்படுத்துவது எப்படி?

பழைய ஃபுட்டேஜ் கையில் கிடைத்ததும் நேராக எடிட்டிங் டைம்லைனில் (காட்சிகளை வரிசையாக அடுக்கும் இடம்) போட்டுவிடாதீர்கள். யார் எடுத்தது, எங்கே, எப்போது, யாருக்காக என்று முதலில் தேடுங்கள். பார்க்கிறவர்கள் அதை அலங்காரமாக நினைப்பதில்லை, நடந்ததற்குச் சாட்சியாகவே நம்புகிறார்கள். 1917 ரஷ்யப் புரட்சி என்றாலே பெட்ரோகிராடில் இருந்த குளிர்கால அரண்மனையை நோக்கிக் கூட்டம் பாயும் காட்சியைப் பலரும் போடுகிறார்கள். அது பத்து வருடம் கழித்து சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் தன் 'அக்டோபர்' படத்துக்காக ஆட்களை ஓடவைத்து எடுத்தது! போர்க்காட்சி என்றால் ஒன்றைக் கேளுங்கள்: கேமரா இருக்கும் இடத்தில் நிஜச் சண்டையின்போது ஒரு மனிதர் நின்றிருக்க முடியுமா? வீரர்கள் நம்மைப் பார்த்து ஓடிவர, கேமரா எதிரிப் பக்கம் நிதானமாக நின்றால் சந்தேகப்படுங்கள்.

தேட நல்ல இடம் இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இணையக் காப்பகத்தில் உள்ள, பழைய விளம்பர, கல்விப் படங்கள் நிறைந்த பிரெலிங்கர் தொகுப்பு. பழைய செய்திப்படங்களை வைத்திருக்கும் பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014-ல் சுமார் 85,000 படங்களை யூடியூபில் ஏற்றியது, ஆனால் இலவசமாகப் பார்க்க முடிவதும் எடுத்துப் பயன்படுத்த அனுமதி இருப்பதும் வேறு வேறு. உரிமை வாங்கும்போது தொலைக்காட்சி, தியேட்டர், ஆன்லைன், எந்தெந்த நாடு, எத்தனை வருடம் எல்லாவற்றையும் எழுத்தில் வாங்குங்கள். பின்னணியில் பாட்டு ஒலித்தால் அதற்கு உரிமை தனி.

காப்பகம் முதலில் தருவது வாட்டர்மார்க்கும் (காப்பகத்தின் முத்திரை) டைம்கோடும் (காட்சியின் எந்த நேரம் என்று காட்டும் எண்) பதிந்த பிரதிதான். அதை வைத்து எடிட் செய்யலாம், ஆனால் எந்தக் கிளிப்பில் எந்த டைம்கோடு முதல் எதுவரை எடுத்தீர்கள் என்று அன்றன்றே குறித்துவையுங்கள். பெரும்பாலும் விநாடி அல்லது நிமிடக் கணக்கில்தான் கட்டணம், அதனால் இறுதி எடிட் முடிந்த பிறகே முத்திரையில்லாத தரமான மாஸ்டர் பிரதியைக் காப்பகத்திடம் கேளுங்கள்.

அப்புறம் வேகம். ஊமைப்பட காலத்தில் பெரும்பாலும் விநாடிக்கு 16, 18 ஃபிரேம் (தனித்தனிப் படம்) என்ற அளவில் கையால் சுற்றி எடுத்ததை 24-ல் ஓட்டினால் மனிதர்கள் பொம்மை மாதிரி துள்ளுவார்கள், அது அவர்களுக்குச் செய்யும் அநியாயம். நடை இயல்பாகத் தெரியும்வரை வேகத்தைக் குறைத்துப் பாருங்கள். 4:3 அளவில் உள்ள பழைய படத்தை 16:9 என்ற அகலத்திரை அளவாக ஆக்க மேலும் கீழும் வெட்டாதீர்கள், தலை போய்விடும். இரு பக்கமும் கறுப்பு இருந்தால் இருக்கட்டும்.

சத்தமில்லாத காட்சிக்கு வெடிச்சத்தம் சேர்ப்பதும், கறுப்பு வெள்ளைக்கு நிறம் ஏற்றுவதும் உங்கள் விருப்பம், ஆனால் சேர்த்ததைத் திரையிலேயே சொல்லிவிடுங்கள். நடித்துக்காட்டிய காட்சிக்கும் அப்படித்தான், அந்தக் காட்சி ஓடும்போதே ஓரத்தில் எழுத்து வர வேண்டும், கடைசி டைட்டிலில் போட்டால் யாரும் படிப்பதில்லை.