ரக்கட் (அடி, தூசி தாங்கும் முரட்டு வகை) லேப்டாப்பில் வைஃபை மறைந்துவிட்டதா?

புது வைஃபை கார்டு வாங்கும் முன் லேப்டாப்பின் மின்சாரத்தை முழுக்க வடித்துப் பாருங்கள். ஷிஃப்ட் கீயை அழுத்தியபடி ஷட் டவுன் கொடுங்கள். சார்ஜரை எடுத்துவிட்டு, பேட்டரியையும் கழற்றி (இரண்டு இருந்தால் இரண்டையும்), பவர் பட்டனை 30 விநாடி அழுத்திப் பிடியுங்கள். பிறகு எல்லாவற்றையும் மாட்டி ஆன் செய்யலாம்.

சாதாரணமாக அணைத்தால் கார்டுக்குக் கொஞ்சம் மின்சாரம் போய்க்கொண்டே இருக்கலாம். சிக்கி நின்ற ஃபர்ம்வேர் (கார்டுக்குள் ஓடும் சிறு மென்பொருள்) அப்படியே கிடக்கும். மின்சாரம் அடியோடு நின்றால்தான் அது புதிதாகத் தொடங்கும்.

சில மாடல்களில் பக்கவாட்டில் வயர்லெஸ் சுவிட்ச் உண்டு. பையில் உரசியே அது ஆஃப் ஆகிவிடும், முதலில் அதைப் பாருங்கள். ரவுட்டர் பக்கத்திலேயே சிக்னல் ஒரு கோடுதான் என்றால் இந்த வழி உதவாது. பெரும்பாலும் கார்டிலிருந்து ஆன்டெனா ஒயர் கழன்றிருக்கும்.