டோனி ஹாக் 3: மேனுவல் விழாததற்கு விரல் காரணமில்லை

பிளேஸ்டேஷன் 2 (பிஎஸ்2) கேம் பெட்டியில் டோனி ஹாக்ஸ் ப்ரோ ஸ்கேட்டர் 3 என்ற ஸ்கேட்போர்ட் விளையாட்டைப் போடத் தொடங்கிய யாரைக் கேட்டாலும் ஒரே புலம்பல்தான்: ரேம்பில் (சாய்தளத்தில்) இறங்கியதும் மேனுவல், அதாவது இரண்டு சக்கரத்தில் மட்டும் ஓடும் வித்தை, விழவே மாட்டேங்குது. பெட்டி, டிவி, கன்ட்ரோலர் மூன்றையும் சரிபார்த்த பிறகு விரலைக் குறை சொல்லலாம்.

முதலில் பெட்டியின் ஸ்டிக்கர். எஸ்சிபிஎச் என்று தொடங்கும் மாடல் எண்ணின் கடைசி இலக்கம் 0 என்றால் ஜப்பான், 1 அமெரிக்கா, 3 பிரிட்டன், 4 ஐரோப்பா. ஜப்பான் பெட்டியில் 100 வோல்ட் என்று போட்டிருக்கும். அதை நம் 230 வோல்ட் பிளக்கில் நேரே சொருகினால் பவர் சப்ளை போய்விடும், ட்ரான்ஸ்ஃபார்மர் வேண்டும். மெல்லிய மாடல்களில் 70000 முதல் 79000 வரிசைக்கு அடாப்டர் தனியாக வரும். வெளியீடு 8.5 வோல்ட் என்று அதில் இருக்கிறதா, உள்ளீடு 230-ஐத் தாங்குமா என்று பார்த்து வாங்குங்கள். டிஸ்க்கும் பெட்டியின் பிராந்தியத்தோடு ஒத்துப்போக வேண்டும்.

சிவப்புத் திரை வந்து "பிளேஸ்டேஷன் டிஸ்க் போடு" என்று சொன்னால் காரணம் இரண்டில் ஒன்று: பிராந்தியம் மாறியிருக்கிறது, அல்லது லென்ஸ் படிக்கவில்லை. அதே பிராந்தியத்தின் வேறொரு டிஸ்க்கைப் போடுங்கள். அதுவும் ஓடாவிட்டால் பெரும்பாலும் லென்ஸ்தான்.

இலங்கை மலைநாட்டில் லென்ஸுக்கு எதிரிகள் இரண்டு. ஒன்று ஈரலிப்பு. ஹட்டன், தலவாக்கலைப் பக்கம் மே முதல் செப்டம்பர் வரை அலமாரியில் இருக்கும் துணியே காயாது, லென்ஸ் எப்படிக் காயும்? மற்றது விறகடுப்புப் புகை. தோட்டத்து லைன் வீட்டில் அடுப்பும் டிவியும் அடுத்தடுத்து இருந்தால் லென்ஸில் மெல்லிய எண்ணெய்ப் படலம் படியும். சூடாக இருக்கட்டும் என்று பெட்டியை அடுப்படிப் பக்கம் வைக்காதீர்கள். குளிரில் கிடந்த பெட்டியைச் சூடான அறைக்குக் கொண்டுவந்தால் உடனே போடாமல் ஒரு மணி நேரம் விடுங்கள், உள்ளே வியர்த்திருக்கும்.

துடைக்க 99 வீத ஐசோப்ரொபைல் ஆல்கஹால் வாங்குங்கள், கம்ப்யூட்டர் திருத்தும் கடைகளில் கேட்டுப் பார்க்கலாம். ஃபார்மசி சர்ஜிக்கல் ஸ்பிரிட் வேண்டாம். அதில் ஆமணக்கெண்ணெய் சேர்த்திருப்பார்கள், துடைத்த பிறகு முன்பைவிட மங்கும். பிளக்கைக் கழற்றிவிட்டு, காது குடையும் பஞ்சில் இரண்டு துளி விட்டு, நடுவிலிருந்து வெளியே ஒரு சுற்று. அழுத்தாதீர்கள், லென்ஸ் மெல்லிய கம்பிகளில்தான் தொங்குகிறது. ஐந்து நிமிடம் காயட்டும். மெல்லிய மாடலில் மேல் மூடியைத் திறந்தாலே லென்ஸ் தெரியும், அதனால்தான் புதியவர்களுக்கு அதுவே நல்லது என்பேன்.

இடி இடித்தால் பிளக்கை மட்டுமல்ல, டிவியின் ஆண்டெனா வயரையும் கழற்றுங்கள். ஏப்ரல், ஒக்டோபர் பின்னேரங்களில் இது முக்கியம்.

இனி பலரும் தடுக்கி விழும் இடம்: டிவி. பிஎஸ்2-இன் படத்தைப் புது எல்இடி டிவி தன் அளவுக்கு மாற்றிக் காட்டுகிறது, அதற்கு நேரம் எடுக்கும். 50 ஹெர்ட்ஸில் ஒரு ஃபிரேம், அதாவது திரையில் வரும் ஒரு படம், 20 மில்லி செக்கன். ஐந்து ஃபிரேம் தாமதித்தால் 100 மில்லி செக்கன். சக்கரம் தரையில் படுவதை நீங்கள் பார்க்கும்போது விளையாட்டில் அது ஏற்கனவே முடிந்த கதை.

சோதிக்கக் கருவி தேவையில்லை. மஞ்சள் வயர் டிவியில், சிவப்பு, வெள்ளை வயர்கள் நேரே ஸ்பீக்கர் செட்டில். மெனுவில் கீழே அழுத்துங்கள். சத்தம் முதலில் கேட்டு, பிறகு கர்சர் நகர்ந்தால் டிவி பிந்துகிறது. சத்தத்தையும் டிவி வழியாகவே கொடுத்தால் இது தெரியாது, பல டிவிகள் சத்தத்தையும் படத்தோடு சேர்த்துப் பிந்தவைக்கும்.

டிவி செட்டிங்கில் கேம் மோட் போடுங்கள், இரைச்சல் நீக்கம், அசைவு மென்மையாக்கல் எல்லாவற்றையும் அணையுங்கள். மலிவான ஏவி–எச்டிஎம்ஐ மாற்றிகளுக்குச் சல்லி செலவழிக்க வேண்டாம், அவற்றில் பல தாமதத்தைக் கூட்டத்தான் செய்கின்றன. என்னைக் கேட்டால், பின்பக்கம் புடைத்த பழைய டிவி ஒன்று யார் வீட்டிலாவது சும்மா கிடந்தால் கேட்டு வாங்குங்கள். அமெரிக்கப் பெட்டியில் படம் கறுப்பு வெள்ளையாக வந்தால் அந்த டிவியின் கலர் சிஸ்டத்தை என்டிஎஸ்சி 3.58-க்கு மாற்றுங்கள்.

கன்ட்ரோலர்: அம்புக்குறி பட்டனில்தான் ஆட வேண்டும், அனலாக் குச்சியில் மேல்-கீழ் துல்லியமாக விழாது. மெனுவில் மேல், கீழ், மேல், கீழ் என்று பத்துத் தடவை வேகமாகத் தட்டுங்கள். கர்சர் தொடங்கிய இடத்துக்கு வராவிட்டால் சில தட்டல்கள் பதியவில்லை. பின்பக்க ஸ்க்ரூக்களைக் கழற்றி, ரப்பரையும் மெல்லிய பிளாஸ்டிக் தகட்டையும் உலர்ந்த துணியால் துடையுங்கள். அந்தத் தகட்டுக்கு அடியில் இருக்கும் ஸ்பொஞ்ச் நசுங்கியிருந்தால் மடித்த டேப் ஒரு துண்டு வையுங்கள், தொடுகை மறுபடி இறுகும்.

இப்போது ஆட்டம். இரண்டு நிமிடக் கடிகாரத்தோடு போராடாமல் ஃப்ரீ ஸ்கேட்டில் முதல் களமான ஃபவுண்ட்ரியைத் திறங்கள்.

வளைந்த ரேம்பை நோக்கி எக்ஸ் பட்டனை அழுத்திப் பிடித்துப் போய், விளிம்பில் விடுங்கள். மேலே போனதும் இடது அம்புக்குறியோடு சதுரம், ஒரு கிக்ஃப்ளிப் (பலகையைச் சுழற்றும் வித்தை). வட்டத்தில் கிராப் செய்தால் (பலகையைக் கையால் பிடித்தால்) இறங்குவதற்கு முன்பே விட்டுவிட வேண்டும், பிடித்தபடி இறங்கினால் விழுவீர்கள். சக்கரம் ரேம்பில் படும் கணத்தில் ஆர்2 ஒரு தட்டு, இதுதான் ரிவர்ட். பலகை திரும்பும்போதே மேல்-கீழ் என்று இரண்டு தனித்தனித் தட்டு. மேலை விடாமல் கீழுக்கு உருட்டினால் பதியாது. ரிவர்ட் முடிந்து மேனுவல் பிடிக்காவிட்டால் காம்போ (வித்தைகளின் தொடர்) அங்கேயே மூடிவிடும்.

மேனுவலில் சமநிலை மேல்-கீழ், கம்பியில் வழுக்கிப் போகும் கிரைண்டில் இடது-வலது. அம்புக்குறியை அழுத்திப் பிடிக்காமல் சின்னச் சின்னத் தட்டுகளாகக் கொடுங்கள். கம்பி கிட்ட வந்ததும் எக்ஸ், பிறகு முக்கோணம்.

இத்தனை பாடு ஏன் என்றால், புள்ளிகள் கூட்டப்பட்டு வித்தைகளின் எண்ணிக்கையால் பெருக்கப்படுகின்றன. உதாரணத்துக்கு மூன்று வித்தைகளில் மொத்தம் 1,600 என்றால் 4,800. அதோடு 100 புள்ளி வித்தை ஒன்று சேர்ந்தால் 1,700 பெருக்கல் 4, அதாவது 6,800. ஒரே வித்தையைத் திரும்பத் திரும்பச் செய்தால் அதன் மதிப்பு குறையும்.

பிற்சேர்க்கை: பிஎஸ்1-இன் இரண்டாம் பாகத்தை பிஎஸ்2-இல் போட்டு ஆர்2 வேலை செய்யவில்லை என்கிறார்கள். மேனுவல் 2000-இல் வந்த இரண்டாம் பாகத்தில் அறிமுகமானது, ரிவர்ட் 2001-இல் மூன்றாம் பாகத்தில்தான். அதனால் இரண்டாம் பாகத்தில் ரேம்பிலிருந்து காம்போவை இழுக்க முடியாது, தட்டையான தரையில்தான் மேனுவலால் இழுக்க வேண்டும். அதே டிஸ்க்கில் சேவ் ஆகவில்லை என்பவர்களுக்கு: 8 எம்பி பிஎஸ்2 மெமரி கார்டில் பிஎஸ்1 விளையாட்டு நேரே சேவ் ஆகாது. 15 பிளாக் கொண்ட பழைய பிஎஸ்1 கார்டு வாங்குங்கள், அது அதே துளையில் பொருந்தும்.