முதலில் டைமிங், அப்புறம்தான் கார்புரேட்டர்

எஞ்சின் ஐடிலில் குலுங்குகிறது, பிக்கப் இல்லை, பெட்ரோல் மட்டும் மளமளவென்று குறைகிறது என்றதும் நம் கை நேராகப் போவது, பெட்ரோலையும் காற்றையும் கலக்கும் கார்புரேட்டரின் ஸ்க்ரூவுக்குத்தான். எனக்கும் அப்படித்தான் நடந்தது. பழைய நான்கு சிலிண்டர் எஞ்சின் ஒன்றில் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க அந்த ஸ்க்ரூவைத் திருகிக்கொண்டே இருந்தேன். பத்து நிமிடம் நன்றாக ஓடும், மறுபடி குலுங்கும். சாயங்காலம் தற்செயலாக, பிளக்குகளுக்கு மின்சாரத்தைப் பகிர்ந்து அனுப்பும் டிஸ்ட்ரிபியூட்டரில் கை பட்டது; மொத்தமும் அசைந்தது. அதைப் பிடித்திருக்கும் போல்ட்டை முன்னால் கழற்றியவன் நான்தான், சரியாக முடுக்கவில்லை.

அதனால் வரிசை இதுதான்: தீப்பொறியை முதலில் சரிசெய்ய வேண்டும், பெட்ரோலைப் பிறகு. டைமிங் (பொறி விழும் நேரம்) மாறினால் ஐடில் வேகம் மாறும், வேக்கம் (எஞ்சின் காற்றை உறிஞ்சும் இழுவை) மாறும், அதற்கு முன் செய்த கார்புரேட்டர் செட்டிங் வீணாகும். கீழே உள்ளது டிஸ்ட்ரிபியூட்டர், பாயிண்ட் (பொறிக்காகத் திறந்து மூடும் சுவிட்ச்), கார்புரேட்டர் மூன்றும் உள்ள பழைய கார் எஞ்சினுக்கு. சிடிஐ (பாயிண்ட் இல்லாத எலக்ட்ரானிக் இக்னிஷன்) உள்ள பெரும்பாலான பைக்குகளில் டைமிங்கை நாம் தொட வேண்டியதில்லை. அந்த பைக்காரர்கள் நேராகக் கார்புரேட்டர் பகுதிக்குப் போகலாம்.

டைமிங் என்றால் என்ன?

பிளக்கில் பொறி விழுந்த கணமே பெட்ரோல் கலவை முழுவதும் எரிந்துவிடாது. தீ பரவச் சில மில்லிசெகண்டுகள் ஆகும். பிஸ்டன் உச்சியைத் தாண்டி இறங்கத் தொடங்கியதும் முழு அழுத்தமும் அதன் தலையில் இறங்க வேண்டும் என்றால், பிஸ்டன் உச்சிக்கு வருவதற்குச் சில டிகிரி முன்பே பொறி விழுந்தாக வேண்டும். 900 ஆர்பிஎம்மில் ஒரு மில்லிசெகண்டில் கிராங்க் (பிஸ்டன்கள் சுழற்றும் தண்டு) சுமார் 5 டிகிரிதான் சுற்றும். 3000 ஆர்பிஎம்மில் அதே நேரத்துக்குள் 18 டிகிரி சுற்றிவிடும். வேகம் ஏற ஏறப் பொறி இன்னும் முன்னால் விழ வேண்டியிருப்பது இதனால்தான். அந்த வேலையை டிஸ்ட்ரிபியூட்டருக்குள் இருக்கும் சிறு எடைகளும் ஸ்பிரிங்கும் செய்கின்றன. நாம் வைப்பது ஆரம்பப் புள்ளியை மட்டும். அது எத்தனை டிகிரி என்பது உங்கள் எஞ்சினின் மேனுவலில் இருக்கும். அடுத்தவர் வண்டி எண்ணை எடுத்து வைக்காதீர்கள்.

தொடங்கும் முன்

திறந்த வெளியில் வேலை செய்யுங்கள். புகையில் உள்ள கார்பன் மோனாக்சைடுக்கு வாசனையே கிடையாது. தொளதொளச் சட்டைக் கை ஃபேன் பெல்ட் பக்கம் போகக் கூடாது. ஏர் ஃபில்டர், பிளக், டேப்பெட் (வால்வு) இடைவெளி மூன்றையும் பார்த்துவிடுங்கள். ரப்பர் குழாய் எங்காவது வெடித்திருந்தால் அங்கே காற்று இழுக்கும். ஒரு குழாயைக் காதில் வைத்து மறுமுனையை மேனிஃபோல்டைச் (கலவை எஞ்சினுக்குள் போகும் குழாய்ப் பாதை) சுற்றி நகர்த்தினால் 'உஸ்' என்ற சத்தம் காட்டிக்கொடுக்கும்.

படி 1: பாயிண்ட் இடைவெளி

எஞ்சினை நிறுத்தி, டிஸ்ட்ரிபியூட்டர் மூடியைக் கழற்றுங்கள். பாயிண்ட் முழுதாகத் திறந்திருக்கும் நிலைக்குக் கிராங்கைச் சுற்றி, ஃபீலர் கேஜை (இடைவெளி அளக்கும் மெல்லிய தகடு) நடுவில் விடுங்கள். பல எஞ்சின்களில் இது 0.4 மில்லிமீட்டருக்குப் பக்கத்தில் இருக்கும். தகடு லேசாக உரசிக்கொண்டு வெளியே வர வேண்டும். இடைவெளி கூடினால் பாயிண்ட் சீக்கிரம் திறக்கும், டைமிங்கும் முன்னால் நகர்ந்துவிடும். ஆகவே இதை முடிக்காமல் அடுத்த படிக்குப் போகாதீர்கள். மூடியைப் போடுவதற்கு முன், ரோட்டர் (உள்ளே நடுவில் சுற்றும் துண்டு) எந்தத் திசையில் சுற்றுகிறது என்று பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

படி 2: டைமிங் லைட்

கிராங்க் புல்லியில் உள்ள கோட்டைத் துடைத்துச் சாக்பீஸால் வெள்ளையாக்குங்கள். எஞ்சினை ஓடவிட்டு நன்றாகச் சூடானதும் நிறுத்தி, டைமிங் லைட்டின் கவ்வியை முதல் சிலிண்டரின் பிளக் வயரில் மாட்டுங்கள். டிஸ்ட்ரிபியூட்டரின் வேக்கம் குழாயைக் கழற்றி, குழாயின் வாயை அடைத்துவிடுங்கள் (மேனுவல் வேறு மாதிரி சொன்னால் மேனுவல்படி). மறுபடி ஸ்டார்ட் செய்து, ஐடிலில் லைட்டைப் புல்லி மேல் அடியுங்கள்.

முதல் தடவை பார்ப்பவர்களுக்கு இது வேடிக்கையாக இருக்கும். வேகமாகச் சுற்றும் புல்லி அப்படியே நின்றதுபோலத் தெரியும். சாக்பீஸ் கோடு ஒரே இடத்தில் மினுக்கும். பொறி விழும் ஒவ்வொரு முறையும் லைட் ஒரு கணம் எரிவதால் வரும் தோற்றம் இது. நின்றுவிட்டது என்று நம்பிக் கையை நீட்டிவிடாதீர்கள்!

கோடு சரியான டிகிரிக்கு நேராக இல்லையென்றால் டிஸ்ட்ரிபியூட்டர் போல்ட்டைக் கொஞ்சம் தளர்த்தி, டிஸ்ட்ரிபியூட்டரின் உடலை மெல்லத் திருப்புங்கள். ரோட்டர் சுற்றும் திசைக்கு எதிராகத் திருப்பினால் டைமிங் முன்னால் போகும். அதே திசையில் திருப்பினால் பின்வாங்கும். கோடு நேர்ப்பட்டதும் போல்ட்டை முடுக்கி, இன்னொரு முறை லைட் அடித்துப் பாருங்கள். முடுக்கும்போதே ஒன்றிரண்டு டிகிரி நழுவிவிடும்.

இப்போது ஆக்சிலரேட்டரை மெதுவாகக் கூட்டுங்கள். கோடு முன்னால் நகர வேண்டும். நகரவே இல்லையென்றால் உள்ளே எடைகள் இறுகிக் கிடக்கின்றன. ஐடிலிலேயே கோடு தள்ளாடினால் டிஸ்ட்ரிபியூட்டர் ஷாஃப்டின் புஷ்ஷோ டைமிங் செயினோ தேய்ந்திருக்கலாம்; அதற்குத் திருகல் வேலை உதவாது. எல்லாம் சரியென்றால் வேக்கம் குழாயை மாட்டிவிடுங்கள்.

படி 3: கார்புரேட்டர்

சோக் முழுதாகத் திறந்திருக்கட்டும். இரண்டு ஸ்க்ரூக்கள் நமக்கு வேண்டும். ஒன்று ஐடில் வேகத்துக்கு, மற்றது கலவைக்கு. எஞ்சினை நிறுத்தி, கலவை ஸ்க்ரூவை உள்ளே திருகி, எத்தனை சுற்று போகிறது என்று எண்ணி எழுதுங்கள். குழம்பிப்போனால் திரும்பி வர அந்த எண்தான் வழி. அடியில் தட்டுப்பட்டதும் நிறுத்துங்கள். இறுக்கினால் ஊசி முனை நசுங்கி, அப்புறம் எந்தக் காலத்திலும் ஐடில் சரியாக நிற்காது. அங்கிருந்து ஒன்றரைச் சுற்று வெளியே எடுங்கள். இது தொடக்கம் மட்டுமே.

ஸ்டார்ட் செய்து, கால் சுற்றாக உள்ளே திருகி, ஒவ்வொரு முறையும் பத்து எண்ணும் வரை பொறுங்கள். ஓரிடத்தில் எஞ்சின் தடுமாறி அணையப் பார்க்கும். அது பெட்ரோல் குறைந்த நிலை. வெளியே எடுக்க எடுக்க வேகம் ஏறும். ஒரு கட்டத்துக்குமேல் சத்தம் கனத்து, புகையில் பெட்ரோல் வாடை அடிக்கும். இரண்டுக்கும் நடுவில், வேகம் அதிகமாகவும் சீராகவும் இருக்கும் இடம்தான் நமக்கு வேண்டியது. பிறகு ஐடில் ஸ்க்ரூவால் வேகத்தை மேனுவல் எண்ணுக்குக் குறைத்து, கலவையை இன்னொரு முறை தேடுங்கள்.

பைக்கில் ஒரு சிக்கல் உண்டு. ஸ்க்ரூ ஏர் ஃபில்டர் பக்கம் இருந்தால் பொதுவாக அது காற்று ஸ்க்ரூ. உள்ளே திருகினால் பெட்ரோல் கூடும், நான் மேலே சொன்னது தலைகீழாகும்.

கலவை ஸ்க்ரூவை முழுக்க மூடியும் எஞ்சின் அசராமல் ஓடுகிறதா? ஐடில் வேகத்தை மிக அதிகமாக வைத்திருக்கிறீர்கள், அல்லது ஃப்ளோட் (கார்புரேட்டருக்குள் பெட்ரோல் மட்டத்தைக் காக்கும் மிதவை) அளவு கூடியிருக்கிறது. முதலாவதைப் பாருங்கள், பெரும்பாலும் அதுதான்.

படி 4: ஓட்டிப் பார்ப்பது

ஏற்றத்தில், மேல் கியரில், ஆக்சிலரேட்டரை அழுத்துங்கள். சில்லறைக் காசைத் தகர டப்பாவில் குலுக்கினாற்போல் சத்தம் வந்தால் எஞ்சின் தட்டுகிறது. டைமிங்கை இரண்டு டிகிரி பின்வாங்குங்கள். அந்தச் சத்தத்தோடு ஓட்டிக்கொண்டிருந்தால் பிஸ்டனே உடையலாம். சட்டென்று அழுத்தும்போது கார்புரேட்டர் வழியாக எஞ்சின் 'தும்மினால்' கலவையில் பெட்ரோல் போதவில்லை.

நல்ல ஓட்டத்துக்குப் பிறகு ஆறவிட்டுப் பிளக்கைக் கழற்றிப் பாருங்கள். முனை இளம்பழுப்பாக இருந்தால் நல்லது. கரி படிந்திருந்தால் பெட்ரோல் கூடுதல், வெளுத்திருந்தால் குறைவு. ஐடிலில் மட்டும் ஓடிய பிளக் காட்டுவது ஐடில் கலவையைத்தான். வேகத்தில் ஓடிய பிளக்கின் நிறம் மெயின் ஜெட்டைப் (வேகத்தில் பெட்ரோல் தரும் துளை) பற்றிச் சொல்கிறது, அதைக் கலவை ஸ்க்ரூவால் மாற்ற முடியாது.