வாச்சாத்தியில் கேமரா வைப்பதற்கு முன்

அரூர் பக்கம் ஆவணப்படம் எடுக்க வரும் தம்பி தங்கைகளிடம் நான் சொல்வது: முதலில் தீர்ப்பைப் படியுங்கள். 1992 ஜூன் 20-இல் வாச்சாத்தி என்ற பழங்குடி கிராமத்தில் வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் புகுந்து ஊர் மக்களைத் தாக்கி, பெண்களைப் பாலியல் வன்கொடுமை செய்த கொடுமைக்கு 2011-இல்தான் தருமபுரி நீதிமன்றத்தில், குற்றம் சாட்டப்பட்டவர்களில் உயிரோடிருந்த 215 பேருக்குத் தண்டனை கிடைத்தது. 2023-இல் உயர் நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. அத்தனை வருடமும் பாதிக்கப்பட்ட மக்கள் கோர்ட்டில் சொன்னதை உங்களுக்காக இன்னொரு முறை சொல்லவைக்காதீர்கள். அவர்களுடைய இன்றைய வாழ்க்கையைக் கேளுங்கள்.

பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவரின் அடையாளத்தை வெளியிடச் சட்டம் தடை விதிக்கிறது. முகத்தை மட்டும் மங்கலாக்கினால் போதாது. மூக்குத்தி, பச்சை குத்திய கை, பின்சுவரில் மாட்டிய குடும்பப் படம், குரல் என எதை வைத்தும் ஊர்க்காரர் ஆளைச் சொல்லிவிடுவார். அதனால் வெளிச்சத்தை முதுகுப்பக்கம் வைத்து நிழலுருவமாக எடுங்கள், குரலை வேறொருவர் பேசட்டும். மெமரி கார்டை யாரிடமும் கொடுத்தனுப்பாதீர்கள்.

ஒப்புதல் படிவத்தை நீட்டிக் கையெழுத்து வாங்குவது எனக்குப் பிடிக்காது. வாய்விட்டுப் படித்துக் காட்டுங்கள், சந்தேகம் கேட்க நேரம் கொடுங்கள். வேலைக்குப் போகும் நாளில் கூப்பிட்டு உட்காரவைத்தால் அன்றைய கூலி போய்விடும், சாயங்காலம் போங்கள்.

எடிட் முடிந்ததும் முதலில் அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். ஒருவர் வேண்டாம் என்றால், எவ்வளவு நல்ல ஷாட்டாக இருந்தாலும் எடுத்துவிடுங்கள்.