எல்லாம் ஒரே ஆளாகச் செய்து படமெடுப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கதை, கேமரா, எடிட்டிங், ஒலி என எல்லாவற்றையும் தாமே பார்த்துக்கொள்ளத் துணிகிறவர்கள் அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸை அடிக்கடி உதாரணம் காட்டுவார்கள். மெக்சிகோவின் சியுடாட் அகுன்யா என்ற எல்லை ஊரில், சுமார் 7,000 டாலரில் 'எல் மரியாச்சி' படத்தை எடுத்தவர் அவர். 1993-இல் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் பார்வையாளர் விருது பெற்ற படம் அது.

அந்த 7,000-ஐ முழுப் படத்தின் செலவு என்று நம்புவதுதான் பெரிய தவறு. ஸ்பானிய மொழி வீடியோ சந்தையில் விற்பதற்காக, வீடியோவிலேயே எடிட் செய்து முடித்த பிரதிக்கு ஆன செலவு அது. ஹாலிவுட்டின் கொலம்பியா நிறுவனம் வாங்கிய பிறகு, தியேட்டரில் ஓட்டுவதற்கான 35 மி.மீ. ஃபிலிம் பிரதிக்கும் ஒலிச் சீரமைப்புக்கும் அதைப்போலப் பல மடங்கு செலவழித்தது. இது தெரியாமல் சேமிப்பை எல்லாம் ஷூட்டிங்கிலேயே கரைத்துவிட்டு, மிக்ஸிங் (ஒலிகளைச் சேர்த்துச் சமன் செய்வது), கலர் (நிறங்களைச் சீராக்குவது), சப்டைட்டில், தணிக்கை என்று வரும்போது கைபிசைந்து நிற்பவர்கள் நிறைய. பட்ஜெட்டைக் கடைசிச் செலவிலிருந்து பின்னோக்கிப் போடுங்கள்.

அடுத்தது, 'எடிட்டிங்கில் பார்த்துக்கொள்ளலாம்' என்ற பேச்சு. ரோட்ரிகஸிடம் இருந்தது இரைச்சல் போடும் 16 மி.மீ. கேமரா. அதனால் ஷாட்டை எடுத்து முடித்தவுடன் நடிகர்களை அதே வசனத்தைத் திரும்பப் பேசவைத்துத் தனியாகப் பதிவு செய்தார். உதட்டசைவு விலகும் இடத்தில் வேறு ஷாட்டுக்குத் தாவினார். படத்தின் அந்த வேகமான வெட்டுகளுக்கு இதுவும் ஒரு காரணம். கேமரா பிடித்தவருக்குள்ளேயே எடிட்டரும் இருந்ததால்தான் எந்த ஷாட் தேவைப்படும் என்று அங்கேயே தெரிந்தது. பல வேலை தெரிந்தவருக்கு உண்மையான பலம் இதுதான் என்பேன். அதை ஷூட்டிங்கில் பயன்படுத்தாவிட்டால், எத்தனை மென்பொருள் கற்றும் பயனில்லை.

ஒலியை இரண்டாம்பட்சமாக நினைக்காதீர்கள். படம் கொஞ்சம் மங்கலாக இருந்தால் பார்ப்பவர்கள் பொறுத்துக்கொள்வார்கள். வசனம் புரியாவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். ஃபேனை நிறுத்துங்கள். காட்சி முடிந்ததும் எல்லோரையும் அரை நிமிடம் பேசாமல் நிற்கச் சொல்லி, அந்த இடத்தின் சும்மா இருக்கும் சத்தத்தைப் பதிவு செய்துகொள்ளுங்கள். வசனங்களுக்கு இடையே ஒட்டுப்போட அது கட்டாயம் தேவைப்படும்.

எடிட்டிங்கை நீங்களே செய்யலாம், தவறில்லை. ஆனால் மழையில் நனைந்து எடுத்த ஷாட்டை வெட்ட உங்களுக்கு மனசு வராது. ஷூட்டிங் பக்கமே வராத ஒருவரை உட்காரவைத்துக் காட்டுங்கள். எந்த இடத்தில் அவர் சலித்துப்போய் போனை எடுக்கிறார் என்று கவனியுங்கள்.

அப்புறம், நண்பர்கள்தானே என்று வாய்ப்பேச்சோடு விடாதீர்கள். நடித்தவர், இசையமைத்தவர், இடம் கொடுத்தவர் எல்லோரிடமும் ஒரு பக்கத்திலாவது கையெழுத்து வாங்குங்கள். படத்தை வாங்க வருபவர் முதலில் கேட்பது அந்தக் காகிதங்களைத்தான். முடித்த கையோடு யூடியூபில் ஏற்றவும் வேண்டாம். ஏற்கெனவே பொதுவில் வெளியான படத்தைச் சேர்த்துக்கொள்ளாத விழாக்கள் பல உண்டு. அனுப்ப நினைக்கும் விழாவின் விதிகளை முதலில் படித்துவிடுங்கள்.