திருகோணமலையிலிருந்து கார்ப் பந்தயத்துக்குப் போக விரும்புவோருக்கு

திருகோணமலையில் வளரும் ஒருவர் கார்ப் பந்தயச் சாரதியாக விரும்பினால், கார் வாங்குவதைக் கடைசி வேலையாக வைத்துக்கொள்வது நல்லது. களுத்துறைக்கு அருகே கட்டுக்குருந்தவில் பழைய விமான ஓடுபாதையே பந்தயத்தடமானது. திருகோணமலையின் சீனக்குடா விமான ஓடுபாதைக்கு அந்த வாய்ப்பு அமையவில்லை. அதற்காக இரவில் வெறுமையாகக் கிடக்கும் நிலாவெளி வீதியில் வேகம் பழகக் கூடாது. எதிரே என்ன வருமென்று தெரியாத வீதியில் காரின் எல்லையைக் கண்டறிய முடியாது. கண்டறிந்தாலும் அது படுத்திருக்கும் மாட்டின் மேல்தான் நடக்கும்.

முதலில் ஹொரவப்பொத்தானை வழியாக அனுராதபுரம் சென்று, சாலியபுரவில் மண்தடத்தில் நடக்கும் கஜபா சுப்பர்குரொஸ் பந்தயத்தைப் பாருங்கள். பார்வையாளர் பக்கத்தில் நிற்பதைவிட, ஏதாவதொரு அணியிடம் கேட்டு, சில்லுத் தூக்கவாவது சேர்ந்துகொள்வது பயன் தரும். பின்னர் தார்த்தடப் பந்தயங்களுக்கும் அவர்களுடன் போனால், ஓடிய கார் திரும்பியவுடன் டயரின் உள்விளிம்பு, நடு, வெளிவிளிம்பு ஆகியவற்றை மெக்கானிக் கையால் தொட்டுப் பார்ப்பார். நடுப்பகுதி மட்டும் கூடுதலாகச் சுட்டால் காற்று அதிகம். இரு விளிம்புகளும் சுட்டால் காற்று குறைவு. இதைத் தெரியாத சாரதி, வளைவில் கார் வழுக்கும்போது தன் கையைத்தான் குறை சொல்வார்.

ஓட்டப் பழகக் கோ-கார்ட் என்னும் கூரையில்லாச் சிறு பந்தய வண்டி போதும். நேர்ப்பாதையிலேயே பிரேக்கை அழுத்தமாக மிதித்து வேகத்தைக் குறைத்து, ஸ்டியரிங்கைத் திருப்பத் திருப்பக் காலைச் சிறிது சிறிதாக எடுக்க வேண்டும். டயரின் பிடிப்பு ஓர் அளவுக்குத்தான் உண்டு. முழுவதையும் பிரேக்குக்கே செலவிட்டால் திரும்புவதற்கு எதுவும் மிஞ்சாது. எங்கள் வீதிப் பையன் ஒருவன் இயந்திரத்துக்கு இரண்டு ஆண்டுச் சேமிப்பைக் கொட்டிவிட்டுப் பழைய பிரேக்குடனே ஓடினான். மூன்றாம் வளைவுக்கு அப்பால் அவன் போகவில்லை.

பொறுமைக்குக் கணக்கு வேண்டுமாயின் இந்தியப் பந்தயச் சாரதி நரேன் கார்த்திகேயனைப் பாருங்கள். கோயம்புத்தூரைச் சேர்ந்த அவர் 1992இல், 15 வயதில், பிரான்சின் வின்ஃபீல்ட் பந்தயப் பள்ளியில் பயின்றார். 1996இல் ஃபோர்முலா ஆசியா பட்டத்தை வென்றார். ஜோர்டான் அணிக்காக ஃபோர்முலா வன் பந்தயத்தில் முதன்முதலாக ஓடியது 2005இல்தான். அவ்வாண்டு இண்டியானாபோலிஸில் மிஷெலின் டயர் பூட்டிய 14 கார்கள் விலகிக்கொள்ள, எஞ்சிய ஆறு கார்களுள் நான்காவதாக வந்து ஐந்து புள்ளிகள் பெற்றார். அதிர்ஷ்டம் என்று சிலர் சொல்வர். காரை உடைக்காமல் கடைசி வரை கொண்டுவந்தவருக்குத்தான் அந்த அதிர்ஷ்டம் பயன்பட்டது என்பது என் கருத்து. அந்தப் பதின்மூன்று ஆண்டுகளுக்கும் பணம் தேவைப்பட்டது என்பதை வீட்டாரிடம் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

18 வயதாகிச் சாரதி அனுமதிப்பத்திரமும் கிடைத்த பின், தொடக்கத்துக்கு நுவரெலியாவின் மகாகஸ்தோட்ட மலையேற்றப் பந்தயத்தைப் பரிந்துரைப்பேன். 1934இல் தொடங்கிய அப்பந்தயத்தில் கார்கள் ஒவ்வொன்றாகவே ஏறும். முந்த வேண்டியது கடிகாரத்தைத்தான். சேமித்த பணத்தில் முதலில் தலைக்கவசம், தீத்தாங்கும் உடை, இருக்கைப் பட்டி, காருக்குள் பொருத்தும் இரும்புக் கூடு ஆகியவற்றை வாங்குங்கள். முதல்நாள் அப்பாதையை நடந்தே ஏறி, எந்த வளைவில் மண் சிந்தியிருக்கிறது, எங்கே ஈரம் காயாமல் கிடக்கிறது என்று கொப்பியில் குறித்துக்கொண்டு, மறுநாள் காலையும் ஒருமுறை நடந்து பார்க்க வேண்டும். மலையில் இரவு மழை பெய்தால் அந்தக் குறிப்பு பாதி பிழையாகிவிடும்.