நோயைக் காட்டி இடமாறுதலை எதிர்ப்பது எப்படி? சீருடைப் பணியினருக்கான தொடக்க வழிகாட்டி

மத்திய ரிசர்வ் போலீஸ் படை, எல்லைப் பாதுகாப்புப் படை போன்றவற்றில் இருப்பவருக்கு இடமாறுதல் ஆணை வந்ததும், "தடை வாங்கிவிடலாமா?" என்றுதான் முதலில் தோன்றும். நோயாளிக்கு அந்தப் பதற்றம் நியாயமானதே. ஆனால், நோய் இருக்கிறது என்பதால் மட்டும் நீதிமன்றம் ஆணையை ரத்து செய்துவிடாது. அந்த நோயை அதிகாரி முறையாகப் பரிசீலித்தாரா என்பதே வழக்கின் உயிர்நாடி.

படி 1: பணிக்கு வராமல் இருந்துவிடாதீர்கள்

மேலதிகாரிக்கு மனு கொடுத்துவிட்டோம் என்று வீட்டிலேயே இருப்பது பெரும் ஆபத்து. மனு நிலுவையில் இருப்பது மட்டுமே புதிய இடத்தில் சேராமலிருக்கக் காரணமாகாது என்று 1989-இல் குஜராத் மின்வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. விடுப்பின்றி வராமலிருப்பது 1949-ஆம் ஆண்டின் மத்திய ரிசர்வ் போலீஸ் படைச் சட்டத்திலும், 1968-ஆம் ஆண்டின் எல்லைப் பாதுகாப்புப் படைச் சட்டத்திலும் குற்றம். உண்மையிலேயே பயணம் செய்ய முடியாத நிலை என்றால் படை மருத்துவரிடம் காட்டி, அதை எழுத்தில் பதிவு செய்யுங்கள்.

படி 2: மருத்துவ ஆவணங்கள்

தனியார் மருத்துவரின் ஒற்றைச் சான்றிதழை நம்பி இறங்க வேண்டாம். மத்தியப் படைகளில் உடல்தகுதியை 'ஷேப்' என்ற முறையில் வகைப்படுத்துகிறார்கள்: மனநிலை, கேட்கும் திறன், கை கால்கள், பொது உடல்திறன், பார்வை. மருத்துவ வாரியம் உங்களை எந்த வகையில் வைத்தது, எந்தப் பணிகளைத் தவிர்க்கச் சொன்னது என்பதற்கான நகல்தான் உங்கள் வலுவான சாட்சி. அதை அலுவலகத்தில் எழுத்து மூலம் கேளுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தின் 24-ஆவது பிரிவு இந்தப் படைகளுக்கு விலக்கு அளிப்பதால், ஊழல், மனித உரிமை மீறல் தவிர்த்த விஷயங்களில் அந்த வழி பெரும்பாலும் அடைபட்டிருக்கும்.

படி 3: கோரிக்கை மனு

என் அனுபவத்தில் மிகுந்த கவனம் தேவைப்படுவது இங்கேதான். "உடல்நிலை சரியில்லை, கருணை காட்டுங்கள்" என்ற மனு எளிதில் நிராகரிக்கப்படும். மனைவிக்கு வாரம் 3 முறை டயாலிசிஸ் நடக்கிறது என்றால், புதிய இடத்திலிருந்து அந்த வசதி எவ்வளவு தொலைவில் இருக்கிறது, இடையில் நின்றால் என்ன ஆகும் என்று மருத்துவரின் கடிதத்தோடு எழுதுங்கள். வசதியுள்ள 2 அல்லது 3 மாற்று இடங்களையும் குறிப்பிடுங்கள். முடிவெடுக்க அதிகாரிக்கு அது ஒரு வழியைத் திறந்துவிடுகிறது. முறையான மேலதிகாரி வழியாக அனுப்பி, பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகையை வைத்துக்கொள்ளுங்கள். அரசியல்வாதியிடம் சிபாரிசுக் கடிதம் வாங்காதீர்கள். அது மத்திய அரசு ஊழியர் நடத்தை விதிகளுக்கே எதிரானது.

படி 4: எந்த நீதிமன்றம்?

மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போக முடியாது. அதை அமைத்த 1985-ஆம் ஆண்டுச் சட்டம், உங்கள் படைகள் உட்பட ஒன்றியத்தின் ஆயுதப் படையினரை விலக்கிவைத்திருக்கிறது. ராணுவத்தினருக்கு 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி தனித் தீர்ப்பாயம் உண்டு. ஆனாலும் இடமாறுதல் அதன் வரம்பில் இல்லை. ஆகவே இருவருக்குமே வழி, அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அதாவது அரசின் ஆணையை எதிர்த்து நேரடியாகப் போடும் மனுதான்.

படி 5: என்ன கேட்பது?

இடமாறுதல் பணி நிபந்தனைகளில் ஒன்று. தீய நோக்கமோ சட்ட விதிமீறலோ இல்லாவிட்டால் தலையிட முடியாது என்பது 1993-இல் எஸ்.எல். அப்பாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நிலை. ஆயுதப் படைகளில் தலையீட்டுக்கான இடம் இன்னும் குறுகியது என்று 2005-இல் அதே நீதிமன்றம் சொன்னது. எனவே ரத்து கோரிக்கையோடு நிற்காமல், 'என் மனுவை மருத்துவ ஆவணங்களோடு பரிசீலித்து, குறிப்பிட்ட காலத்துக்குள் காரணங்களுடன் ஆணை பிறப்பிக்க வேண்டும். அதுவரை என்னை இப்போதைய இடத்திலிருந்து விடுவிக்கக் கூடாது' என்று மாற்றுக் கோரிக்கையும் வையுங்கள். பலருக்கு நடைமுறையில் கிடைக்கும் நிவாரணம் இதுதான். விடுவிப்பு ஆணை வருமுன் வழக்குப் போட்டால் இடைக்காலப் பாதுகாப்புக்கு வாய்ப்பு கூடும்.

அதிகாரி உங்கள் மனுவை நிராகரித்தாலும் அந்த ஆணையை வரிவரியாகப் படியுங்கள். மருத்துவ வாரியத்தின் பரிந்துரையைப் பற்றி ஒரு சொல்கூட இல்லையென்றால், அடுத்த மனுவுக்கான அடிப்படை அங்கேயே இருக்கிறது.